டெம்பரரி ஆள்தானே, விசாரணை எதற்கு?

எடுத்த வேலை முடிந்தது, ஒப்பந்தக் காலம் முடிந்தது என்றால் தற்காலிகத் தொழிலாளியை நிறுத்துவதில் பெரிய சிக்கல் இல்லை. திருட்டு, அடிதடி, குடித்துவிட்டு வந்தது என்று குற்றம் சுமத்தி அனுப்பும்போதுதான் நிர்வாகங்கள் மாட்டிக்கொள்கின்றன. நிலையாணைகள் என்பவை ஒரு நிறுவனத்தின் வேலை விதிகள்; 1946ஆம் ஆண்டு நிலையாணைகள் சட்டத்தின் மாதிரி நிலையாணைகளே இந்த வேறுபாட்டைச் சொல்லின: தற்காலிகத் தொழிலாளிக்கு நோட்டீஸ் காலமோ அதற்கு ஈடான சம்பளமோ இல்லை; ஆனால் தண்டனையாக நீக்குவதென்றால், குற்றச்சாட்டுக்கு விளக்கம் சொல்ல வாய்ப்புத் தந்தே ஆக வேண்டும். 2025 நவம்பர் 21இல் அந்தச் சட்டத்துக்குப் பதிலாகத் தொழிலுறவுச் சட்டத் தொகுப்பு நடைமுறைக்கு வந்தபின், 300 பேருக்குக் குறைவான நிறுவனங்களுக்கு நிலையாணை கட்டாயமில்லை. அதனால் விசாரணையும் வேண்டாம் என்று சிலர் பொருள்கொள்கிறார்கள். தவறு. தண்டிக்கும் முன் ஒருவர் தரப்பைக் கேட்க வேண்டும் என்ற இயற்கை நீதி தலையெண்ணிக்கை பார்ப்பதில்லை.

குற்றத்தை எழுதாமல் “தங்கள் சேவை இனித் தேவையில்லை” என்று ஒரு வரியில் முடிப்பது பழைய உத்தி. நீதிமன்றம் அந்த வரியோடு நிற்காது. தீப்தி பிரகாஷ் பானர்ஜி வழக்கில் (1999), தகுதிகாண் பருவத்தில் இருந்த ஊழியர் தொடர்பாக உச்ச நீதிமன்றம் கேட்ட கேள்வி: குற்றச்சாட்டு உத்தரவுக்குத் தூண்டுதல் மட்டுமா, அடித்தளமா? புகார் வந்தது, மேற்கொண்டு கிளற விரும்பாமல் நிறுத்திவிட்டார்கள் என்றால் தூண்டுதல். ஆளுக்குத் தெரியாமல் சாட்சிகளைக் கேட்டு, குற்றவாளிதான் என்று கோப்பில் எழுதிவிட்டு உத்தரவு போட்டால் அதுவே அடித்தளம், உத்தரவு நிற்காது. உத்தரவு சுட்டும் பழைய கடிதத்தில் களங்கச் சொல் இருந்தாலும் இதே கதிதான்.

பெரும்பாலான வழக்குகள், குற்றச்சாட்டை எழுதிக் கொடுக்கும் சார்ஜ் மெமோவிலேயே தோற்கின்றன. “ஒழுங்கீனமாக நடந்துகொண்டீர்கள்” என்று எழுதினால் அவர் எதற்கு விளக்கம் கொடுப்பார்? “14ஆம் தேதி இரவு 10.40 மணிக்கு, இரண்டாம் கேட் சோதனையில் உங்கள் பையில் 3 கிலோ செம்புக் கம்பி இருந்தது” என்று எழுதுங்கள், சோதனைப் பதிவேட்டின் நகலையும் இணையுங்கள். “திருடியது நிரூபணமாகிவிட்டதால்” என்ற சொற்றொடர் மெமோவில் இருந்தால், விசாரணைக்கு முன்பே தீர்ப்பு எழுதியாயிற்று. மெமோவை வாங்க மறுத்தால் இரு சாட்சிகளின் கையெழுத்தோடு குறித்துவிட்டு, வீட்டு முகவரிக்கு ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்ப வேண்டும்.

விசாரணையின்போது பணியிடை நீக்கம் செய்தால், அந்தக் காலத்துக்குப் பிழைப்பூதியம் (வாழ்க்கையை ஓட்டத் தரும் தொகை) உண்டு: முதல் 90 நாள் சம்பளத்தில் 50 சதவீதம், தாமதம் தொழிலாளியால் ஏற்படாவிட்டால் அதன்பின் 75 சதவீதம். கையில் காசில்லாமல் விசாரணைக்கு வர முடியவில்லை என்று பின்னால் சொல்ல இடம் கொடுக்காதீர்கள்.

புகார் கொடுத்த சூப்பர்வைசரே விசாரணை அதிகாரியாக உட்காரக் கூடாது. நிர்வாகச் சாட்சிகள் முதலில். அவர்களைக் குறுக்கு விசாரணை செய்ய வாய்ப்பு. பிறகுதான் தொழிலாளி தரப்பு. உதவிக்குச் சக தொழிலாளி ஒருவரைக் கேட்டால் மறுக்க வேண்டாம். மொழியைப் பலர் கவனிப்பதேயில்லை. ஒடிசாவிலிருந்து வந்தவரிடம் ஆங்கிலத்தில் நடவடிக்கைக் குறிப்பு எழுதி கையெழுத்து வாங்கினால், அந்தக் கையெழுத்துக்கு என்ன மதிப்பு? மொழிபெயர்ப்பவரை அமர்த்தி, யார் மொழிபெயர்த்தார் என்பதையும் பதிவு செய்து, பக்கத்துக்குப் பக்கம் எல்லோரிடமும் கையெழுத்து வாங்குங்கள். தொழிலாளி வராவிட்டாலும் சாட்சியத்தைப் பதிவு செய்தே ஆக வேண்டும். வராததே குற்றத்தை ஒப்புக்கொண்டதாகாது.

விசாரணை அறிக்கை வந்த அன்றே நீக்க உத்தரவு போடுவது அடுத்த சறுக்கல். விசாரித்தவர் வேறு, தண்டிப்பவர் வேறு என்றால் அறிக்கை நகலைக் கொடுத்து, அதன்மேல் தொழிலாளி சொல்வதைக் கேட்ட பிறகே முடிவெடுக்க வேண்டும். கருணாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பு (1993) முதல் இதுதான் விதி. தண்டனையின் அளவும் பார்க்கப்படும். ஒரு நாள் தாமதத்துக்கு டிஸ்மிஸ் என்றால் நீதிமன்றத்தில் குறைத்துவிடுவார்கள்.

கான்ட்ராக்டர் மூலம் வந்த ஆள் என்றால் மெமோவும் விசாரணையும் கான்ட்ராக்டர் பெயரில்தான் நடக்க வேண்டும். உங்கள் லெட்டர்ஹெட்டில் மெமோ கொடுத்தால், நீங்கள்தான் முதலாளி என்பதற்கு நீங்களே ஆதாரம் தந்ததாகிவிடும். நீக்கியபின் பாக்கிச் சம்பளத்தை இரண்டு வேலை நாட்களுக்குள் கொடுத்துவிட வேண்டும். “ராஜினாமா எழுதிக் கொடு, செட்டில்மென்ட் தருகிறேன்” என்று அதைப் பிடித்து வைத்தால், அந்த ராஜினாமாவும் கட்டாயத்தில் எழுதியதாகவே வழக்கில் வந்து நிற்கும்.