கைநாட்டு வாங்கினால் சம்மதம் ஆகிவிடுமா?

உசிலம்பட்டிப் பக்கம் ஆவணப்படம் எடுக்கப் போகும் இளைஞர்கள் என்னிடம் கேட்பதெல்லாம் எந்த கேமரா, எந்த மைக் என்பதுதான். சம்மதப் படிவத்தைப் பற்றிக் கேட்பவர்கள் குறைவு. கேட்பவர்களும் நெட்டில் கிடைத்ததைத் தமிழில் எழுதி, அடியில் கையெழுத்துக்கு ஒரு கோடு போட்டு வைத்திருக்கிறார்கள். எழுதத் தெரியாதவர் என்றால் கைநாட்டு.

மானிடவியல் படித்துவிட்டு இந்த ஊர்களில் படம் எடுத்துப் பிழைக்கிறவன் நான். மைப்பெட்டியை வீட்டில் வைத்துவிட்டுப் போங்கள் என்றுதான் சொல்வேன். சில சமூகங்களையே பிறவிக் குற்றவாளிகள் என்று முத்திரை குத்தி வெள்ளைக்காரர்கள் 1871இல் வடக்கே கொண்டுவந்த குற்றப் பரம்பரைச் சட்டம், 1911க்குப் பிறகு மதராஸ் மாகாணத்துக்கும் வந்தது. இந்தப் பக்கத்துப் பிரமலைக் கள்ளர் ஊர்களில் ஆண்களின் ரேகையைப் பதிந்தார்கள். இரவில் வெளியூர் போக ராதாரிச் சீட்டு என்ற அனுமதிச் சீட்டு வேண்டியிருந்தது. ரேகை வைக்க மறுத்த பெருங்காமநல்லூரில் 1920 ஏப்ரல் 3 அன்று போலீஸ் சுட்டதில் பலர் செத்தார்கள். இன்றும் அங்கே இதைக் கைரேகைச் சட்டம் என்றுதான் சொல்கிறார்கள். அந்தப் பக்கத்துப் பெரியவர் ஒருவர், "எதுக்குப்பா ரேகை?" என்று கேட்டால் அது அறியாமை இல்லை.

அதனால் நான் வாய்ச்சொல்லாகவே சம்மதம் வாங்கி, அதையும் பதிவு செய்துகொள்கிறேன். படம் எங்கெங்கே ஓடும், யூடியூபில் போடுவோமா, காசு வந்தால் யாருக்கு, எதுவரைக்கும் "என்னை எடுத்துடு" என்று சொல்லலாம், எல்லாவற்றையும் பேசிவிட வேண்டும். ஏற்றிய பிறகு நம் பக்கத்திலிருந்து நீக்கலாம். ஊரார் போனுக்குப் போனதைத் திரும்ப வாங்க முடியாது. இதையும் மறைக்கக் கூடாது.

சாமியாட்டம்தான் பெரிய சிக்கல். மாசி சிவராத்திரிக்குச் சாமி பொருட்கள் இருக்கும் பெட்டியை ஊர்வலமாக எடுக்கும்போது கேமராவை எங்கே நிறுத்தலாம் என்று பூசாரி சொல்லிவிடுவார். ஆனால் அருள் வந்து ஆடுகிறவரிடம் அந்த நேரத்தில் யார் கேட்பது? பூசாரியின் அனுமதி கோயிலுக்கு. ஆடுகிறவர் முகத்துக்கு அல்ல. திருவிழா முடிந்து அவர் சோர்வு தெளிந்ததும், எடுத்ததை அவருக்குப் போட்டுக் காட்டிக் கேட்கிறேன். திருப்பூரில் வேலை பார்க்கிற பையன்கள் சிலர், நண்பர்கள் பார்த்தால் கிண்டல் செய்வார்கள் என்று வேண்டாம் என்கிறார்கள். எவ்வளவு நல்ல ஷாட்டாக இருந்தாலும் வெட்டிவிடத்தான் வேண்டும். வயிறு எரியும், என்ன செய்ய!

எடிட்டிங் முடியும் முன்பே ஊரில் ஒருமுறை போட்டுக் காட்டுவது இன்னொரு பழக்கம். இது புதிதில்லை. பிரெஞ்சு மானிடவியலாளர் ழான் ரூஷ், நைஜர் ஆற்றில் நீர்யானை வேட்டையைப் படமாக்கி, 1950களில் அதே வேட்டைக்காரர்களுக்குத் திரையிட்டார். வேட்டைக் காட்சியில் அவர் சேர்த்திருந்த இசையைக் கேட்டு அவர்கள் ஆட்சேபித்தார்கள்: சத்தம் கேட்டால் நீர்யானை ஓடிவிடாதா? ரூஷ் அந்த இசையை எடுத்துவிட்டார். நம் சாவடியில் திரை கட்டினாலும் இப்படித்தான், எந்தக் கொட்டு எப்போது அடிக்க வேண்டும், யாருக்கு முதல் மரியாதை என்று பங்காளிகளுக்குள் சண்டையே வரும். அந்தச் சண்டையையும் குறித்துக்கொள்ளுங்கள், ஆய்வுக்கு உதவும். சின்னப் பிள்ளைகள் முகம் தெரியும் காட்சிகளுக்கு மட்டும், அப்பா அம்மாவைத் தனியாகக் கூப்பிட்டு இன்னொரு தடவை கேட்டுவிடுங்கள்.