திரும்பி வரும்போது தாண்டாதீர்கள்

இல்ல விளையாட்டுப் போட்டி நெருங்கினாலே இப்படி ஒரு செய்தி வரும். இந்த முறை நுவரெலியாப் பக்கத்துத் தோட்டப் பிள்ளை ஒன்று, மணிக்கட்டு முறிவு. எப்படி விழுந்தாள் என்று நான் கேட்கவே இல்லை. தடைதாண்டல் ஓட்டத்துக்கு வைக்கும் சட்டவேலியை எதிர்ப்பக்கமாகத் தாண்டியிருப்பாள். அதேதான்.

சட்டவேலி ஓடி, மாகாணப் பதக்கம் வாங்கி, இப்போது கல்லூரியில் பயிற்றுவிக்கிறேன். திரும்பத் திரும்பச் சொல்வது ஒன்றுதான்: சட்டவேலியின் கால்கள் இரண்டும் ஓடி வருபவரைப் பார்த்து நீட்டியிருக்க வேண்டும். அப்போதுதான் தட்டினால் சாயும். மறுபக்கத்திலிருந்து வந்து மோதினால் சாயாது, பிள்ளைதான் விழும். எங்கள் மைதானங்களோ கையளவு. ஒரு பக்கம் பாடசாலை, மறுபக்கம் தேயிலைச் சரிவு. ஓடி முடித்தவர்கள் நடந்து திரும்பச் சலித்துக்கொண்டு, அதே வேலிகளைத் தாண்டியே வருகிறார்கள். வெல்டிங் கடையில் இரண்டு பக்கமும் கால் வைத்துச் செய்த வேலி என்றால் போகும்போதும் ஆபத்து.

இதைச் சொன்னால், "விழாத வேலியில் பழகினால்தான் சேர் பயம் தெளியும்" என்கிறார்கள். தெளியாது. ஒருமுறை முழங்கால் அடிபட்ட பிள்ளை அடுத்த வேலிக்கு எட்ட நின்றே எழும்பும், மேலே பறக்கும், இறங்கும்போது ஓட்டமே நின்றுவிடும். இது ஓட்டப் போட்டி, உயரம் பாய்தல் இல்லை. வேலியைத் தட்டினால் அவுட் என்ற கதையும் இன்னும் உலவுகிறது. 1932 ஒலிம்பிக்கில் 400 மீற்றர் சட்டவேலி ஓட்டத்தை வென்ற அயர்லாந்து வீரர் டிஸ்டால் கடைசி வேலியைத் தட்டியதால் அவருக்கு உலகச் சாதனை கிடைக்கவில்லை, உண்மைதான். அது அந்தக் காலம். இன்று தற்செயலாகக் கால் பட்டு வேலி சாய்ந்தால் குற்றமில்லை. போட்டி வேலி சாய வேண்டும் என்பதே விதி: மேல் சட்டத்தில் 3.6 முதல் 4 கிலோ விசை போதும்.

கண்டி திரித்துவக் கல்லூரியில் படித்த டங்கன் வைட்டின் பெயரைச் சொல்லி உயரத்தைக் கூட்டுகிறவர்களும் இருக்கிறார்கள். 1948 லண்டன் ஒலிம்பிக்கில் 400 மீற்றர் சட்டவேலியை 51.8 செக்கனில் ஓடி வெள்ளி வென்றவர் அவர். வளர்ந்த மனிதர்! அவர் தாண்டியது 91.4 சென்ரிமீற்றர். பதின்மூன்று வயதுப் பிள்ளைக்கு அதை வைப்பது என்ன நியாயம்?

தொடக்கத்துக்கு முழங்கால் உயரம் போதும். இரண்டு கூம்புகளின் மேல் பிவிசி குழாயைக் கட்டாமல் வையுங்கள். இடைவெளியைப் பிள்ளையின் மூன்று எட்டுக்கு ஏற்பக் குறையுங்கள். பனி காயாத புல்லில் வேண்டாம். குளிரில் உடம்பு சூடேற நேரம் எடுக்கும், அவசரப்படுத்தாதீர்கள். திரும்பி வருவது ஓரமாக, நடந்து.

அம்மா, அப்பா, விழுந்த கையைத் தைலம் போட்டு நீவாதீர்கள், சுளுக்கு எடுக்கவும் கொண்டுபோகாதீர்கள். அசையாமல் கட்டி ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

அப்புறம் சேர்மாரே, பயிற்சி முடிந்ததும் வேலிகளை அறைக்குள் வைத்துப் பூட்டுங்கள். பின்னேரம் மைதானத்துக்கு வரும் சின்னதுகளுக்கு எது முன்பக்கம் என்று தெரியாது.