குளிரில் நாயைக் குளிப்பாட்டும்போது என்ன நடக்கிறது?

மார்கழி, தை மாதங்களில் நாயைக் குளிப்பாட்டலாமா என்று கேட்டால், தாராளமாகக் குளிப்பாட்டலாம். ஆனால் நாயின் உடம்புச் சூட்டைப் பெரும்பாலும் பறிப்பது, குளித்து முடித்த பிறகு முடிக்குள் தங்கிவிடும் ஈரம்தான். நம்மில் பலர் கோட்டை விடுவதும் அங்கேதான்.

நாயின் இயல்பான உடல் வெப்பநிலை சுமார் 38.3 முதல் 39.2 டிகிரி செல்சியஸ். அந்தச் சூட்டை வெளியே விடாமல் காப்பது முடிகளுக்கு நடுவே அடைபட்டு நிற்கும் காற்று. லாப்ரடார், பொமரேனியன் போன்ற நாய்களுக்கு மேல்முடிக்கு அடியில் பஞ்சு போன்ற உள்முடி அடர்ந்திருக்கும். நனைந்தால் காற்று இருந்த இடத்தைத் தண்ணீர் பிடித்துக்கொள்கிறது. அசையாத காற்றைவிடத் தண்ணீர் சுமார் 25 மடங்கு வேகமாக வெப்பத்தைக் கடத்தும். போதாக்குறைக்கு, அது ஆவியாவதற்கும் உடம்புச் சூட்டையே எடுத்துக்கொள்ளும்.

நாய் உடம்பை உதறுவது இதைச் சமாளிக்கத்தான். அமெரிக்காவின் ஜார்ஜியா டெக் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் இதை அதிவேகக் கேமராவில் படம் பிடித்துப் பார்த்தார்கள். முதுகெலும்பு பக்கத்துக்கு 30 டிகிரிதான் திரும்புகிறது. தளர்ந்த தோலோ 90 டிகிரி வரை சுழல்கிறது. சில விநாடிகளில் சுமார் 70 சதவீதத் தண்ணீர் தெறித்துவிடுகிறது. உதறாமல் விட்டால், 27 கிலோ நாய் தன் முடியில் உள்ள அரை கிலோ தண்ணீரை உலர்த்தவே ஒரு நாள் உணவில் கிடைக்கும் ஆற்றலில் ஐந்தில் ஒரு பங்கைச் செலவழிக்க வேண்டியிருக்கும் என்பது அவர்கள் கணக்கு. அதனால் உதறும்போது அதட்டாதீர்கள், நன்றாக உதறட்டும்.

மிச்ச ஈரத்தை எடுப்பது நம் வேலை. டவலைத் தேய்க்காமல், அழுத்தி அழுத்தி ஒற்றி எடுங்கள். அப்புறம் முதுகு முடியை விரலால் வகிர்ந்து பாருங்கள். மேலே காய்ந்து பளபளவென்று இருக்கும். அடியில், தோலை ஒட்டி, முடி இன்னும் கொத்துக் கொத்தாக ஒட்டிக்கொண்டிருக்கும். அது பிரியும்வரை நாயை வெளியே விட வேண்டாம். ஹேர் டிரையர் என்றால் குறைந்த சூட்டில், சற்றுத் தள்ளிப் பிடித்து, ஓரிடத்தில் நிறுத்தாமல் காட்டுங்கள்.

சிப்பிப்பாறை, கன்னி போன்ற நம் வேட்டை நாய்கள் சீக்கிரம் காய்ந்துவிடும். ஆனால் உள்முடியும் கொழுப்பும் குறைவு என்பதால் சீக்கிரம் குளிர்ந்தும்விடும். அவற்றை வெயில் ஏறிய பிறகு, காற்று வீசாத இடத்தில் குளிப்பாட்டுவதே சரி.

தண்ணீர் வெதுவெதுப்பாக இருந்தால் போதும். அதிகச் சூட்டில் தோலின் ரத்த நாளங்கள் விரிந்து, வெளியே வந்ததும் சூடு இன்னும் வேகமாக வெளியேறும். நம் ஷாம்பூவும் வேண்டாம், நாயின் தோல் நம்முடையது அளவுக்கு அமிலத்தன்மை கொண்டதல்ல.

குளித்த பின் சிறிது நடுங்கினால் போர்த்திவிட்டால் சரியாகிவிடும். ஆனால் உடம்பு சில்லென்று இருக்கும்போதே நடுக்கம் நின்று, நாய் துவண்டு படுத்தால் அது ஆபத்து. போர்வையில் சுற்றி உடனே கால்நடை மருத்துவரிடம் கொண்டுபோங்கள்.