இடி விழுந்தால் செம்பு இரிடியம் ஆகாது, அண்ணாச்சி

போன செவ்வாய்க்கிழமை வள்ளியூர்ப் பக்கத்திலிருந்து ஒருவர் வந்தார். ஓய்வுபெற்ற நடத்துனர். கோர்ட் வேலை முடிந்து நான் சாப்பிட உட்கார்ந்த நேரம். மஞ்சள் பையிலிருந்து, துணியில் சுற்றிய கலசம் ஒன்றை எடுத்து மேசையில் வைத்துவிட்டு, "சார், தொட்டுவிடாதீர்கள், சக்தி இருக்கிறது" என்றார். வயலை விற்ற பணம் போய்விட்டது. ஓய்வின்போது கையில் வந்த தொகையிலும் பாதி போய்விட்டது. அப்போதும் அவருக்குக் கவலை என் விரல்களைப் பற்றித்தான்.

பாளையங்கோட்டையில் வழக்கறிஞராக இருக்கிறேன். இப்படி மேசைக்கு வந்த கலசங்களை எண்ணுவதை நிறுத்திவிட்டேன். கதையும் மாறுவதே இல்லை. பழைய கோபுரக் கலசத்தின் மேல் ஒருநாள் இடி விழுந்ததாம், செம்பு இரிடியம் என்ற விலையுயர்ந்த உலோகமாக மாறியதாம், அதற்கு அரிசியை இழுக்கும் சக்தி வந்துவிட்டதாம். வெளிநாட்டுக் கம்பெனி பல கோடி தரக் காத்திருக்கிறது, 'டெஸ்டிங்' செலவை மட்டும் நீங்கள் போட்டால் போதும். அதற்குப் பிறகு என்ன நடக்கும் என்பதை நான் சொல்லித்தான் தெரிய வேண்டுமா?

எனக்கு ஆத்திரம் வருவது அந்த 'மாறியது' என்ற சொல்லில்தான். சட்டம் படிக்கும் முன் மூன்று வருடம் வேதியியல் படித்தவன் என்பதால் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள். செம்பின் அணு எண் 29. இரிடியத்தின் அணு எண் 77. செம்பு இரிடியமாக வேண்டுமென்றால் ஒவ்வோர் அணுவின் கருவிலும் 48 புரோட்டான்கள் புதிதாகப் போய் உட்கார வேண்டும். மின்னல் எவ்வளவு சுட்டாலும் அந்த வேலையைச் செய்யாது. செம்பை உருக்கும், ஓட்டை போடும், கருக்கும், அவ்வளவுதான். இடிதாங்கிக்கு நாம் போடுவதும் செம்புதானே? இடி வாங்கிய செம்பெல்லாம் இரிடியமாகியிருந்தால் பழைய இரும்புக் கடைக்காரர்கள் எல்லோரும் இந்நேரம் கோடீஸ்வரர்கள்.

எடையையாவது பாருங்கள். ஒரு கன சென்டிமீட்டர் செம்பு 9 கிராமுக்குச் சற்றுக் குறைவு. அதே அளவு இரிடியம் 22 கிராமுக்கும் மேல். பத்து கிலோ செம்புக் கலசத்தின் அளவில் இரிடியக் கலசம் இருந்தால் இருபத்தைந்து கிலோ கனக்கும். நடத்துனர் அண்ணாச்சி அதை ஒரு கையால் தூக்கி வந்தார்.

"ஆனால் சார், அரிசி ஒட்டியதை என் கண்ணால் பார்த்தேன்." பார்த்திருப்பீர்கள். அரிசியில் இரும்புத்தூளைப் பூசிக் கலசத்துக்குள் காந்தத்தை மறைத்து வைத்தால் ஒட்டத்தான் செய்யும். சுத்தமான இரிடியம் காந்தத்தோடுகூட ஒட்டாது. உங்கள் வீட்டுப் பானையிலிருந்து ஒரு பிடி அரிசி எடுத்துப் போடச் சொல்லியிருந்தால் வித்தை அங்கேயே முடிந்திருக்கும். கோவில் கலசத்துக்குள் வரகு போடுகிற வழக்கம் உண்டு. இந்தச் 'சக்தி'க்கு மட்டும் அரிசிதான் வேண்டுமாம். தாமிரபரணித் தண்ணீர் குடித்து வளர்ந்தவர்கள் நாம். நெல்லையப்பர் கோவிலில் தாமிர சபையே இருக்கிறது. செம்பைப் பற்றி நமக்கு வெளியூர்க்காரன் பாடம் எடுக்கிறான்!

கலசம் உண்மையிலேயே பழைய கோவிலுடையது என்று வையுங்கள். அப்போது நிலைமை இன்னும் மோசம். திருட்டுப் பொருள் என்று தெரிந்து வாங்குவது குற்றம். நூறு ஆண்டு கடந்த கலைப்பொருளைத் தனியார் வெளிநாட்டுக்கு ஏற்றுமதி செய்ய 1972ஆம் ஆண்டுச் சட்டம் இடம் தரவில்லை. மண்ணுக்குள் கிடைத்த புதையல் என்றால், 1878ஆம் ஆண்டுச் சட்டப்படி, பத்து ரூபாய்க்கு மேல் மதிப்பிருந்தாலே கலெக்டருக்குத் தெரிவிக்க வேண்டும். இதையெல்லாம் தெரிந்துதான் ஏஜென்ட் உங்களைப் போலீஸ் பக்கம் போகாதபடி பயமுறுத்துகிறான்.

'ரிசர்வ் வங்கியில் உங்கள் பெயரில் பணம் வந்து நிற்கிறது, வரி கட்டினால் விடுவிப்பார்கள்' என்று கடிதம் காட்டினால் கிழித்துப் போடாதீர்கள், சாட்சியாக வைத்துக்கொள்ளுங்கள். ரிசர்வ் வங்கி தனிநபர் பெயரில் பணம் போட்டு வைக்கும் கணக்கே வைத்திருப்பதில்லை. ரொக்கமாகக் கொடுக்காதீர்கள். மச்சானை, சம்பந்தியைக் கூட்டுச் சேர்க்காதீர்கள். பணத்தோடு உறவும் போன வீடுகளை நான் பார்த்திருக்கிறேன். ஏற்கெனவே கொடுத்தாயிற்று என்றால் வெட்கப்படாமல் புகார் கொடுங்கள். மோசடிக்கு முன்பு 420 என்றோமே, 2024 ஜூலை முதல் அது புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 318ஆம் பிரிவு. ஏழு ஆண்டு வரை சிறை உண்டு. ஆன்லைனில் அனுப்பியிருந்தால் அன்றைக்கே சைபர் குற்ற உதவி எண்ணான 1930க்கு அழையுங்கள். நாள் தள்ளினால் பணம் கை மாறிவிடும். தயவுசெய்து வீட்டில் மனைவியிடமும் சொல்லிவிடுங்கள். அந்த அம்மாவுக்குக் கடைசியில் என் அலுவலகத்தில் வைத்துத் தெரிய வருவது கொடுமை.

வரும்போது வங்கிக் கணக்கு விவரம், போனில் வந்த செய்திகள், ஏஜென்ட்டின் எண் ஆகியவற்றைக் கொண்டு வாருங்கள். கலசத்தை மட்டும் கொண்டு வராதீர்கள். அண்ணாச்சி கொண்டு வந்ததைக் காவல் நிலையத்தில் ஒப்படைப்பதற்குள், இவ்வளவையும் என் பக்கத்தில் நின்று கேட்ட என் குமாஸ்தா, மூன்று தடவை அதன்மேல் அரிசி தூவிப் பார்த்துவிட்டார்.