டர்னர் என்று ஒருவர் இல்லை

மே மாதம் பிறந்தால் சிகாகோவைப் பற்றிய கட்டுரைகள் தமிழில் வரிசை கட்டி வரும். எட்டு மணி நேர வேலை கேட்ட போராட்டம், குண்டு வெடித்த ஹேமார்க்கெட் சதுக்கம், தூக்குமேடை எல்லாம் இருக்கும். நடுவில் ஒரு வரி இடறும்: ‘தொழிலாளர்கள் டர்னர் என்பவரின் மண்டபத்தில் கூடினர்.’ இன்னும் துணிந்தவர்கள் அவருக்கு ‘வோர்வார்ட்ஸ் டர்னர்’ என்று முழுப்பெயரே கொடுத்துவிடுகிறார்கள். அதே நகரத்தில் அரோரா டர்னர் ஹால் என்றும் ஒன்று இருந்தது. இந்தக் கணக்கில் போனால் அரோரா டர்னர் என்றோர் அம்மையார் தொழிலாளருக்கு மண்டபம் கட்டிக்கொடுத்த வள்ளலாகிவிடுவார்.

அப்படி ஒருவரும் இல்லை. நாம் ‘வோர்வார்ட்ஸ்’ என்று எழுதும் ‘ஃபோர்வெர்ட்ஸ்’ என்றால் ஜெர்மன் மொழியில் ‘முன்னோக்கி’. அரோரா என்பது லத்தீனில் விடியல். ‘டர்னர்’ என்பதும் ஆள் பெயரில்லை. டுர்ன்ஃபெரைன் என்ற ஜெர்மானிய உடற்பயிற்சி அமைப்பில் உறுப்பினராக இருப்பவர் என்று பொருள். ஜெர்மானியர் வாயில் அது ‘டுர்னர்’. அமெரிக்க ஆங்கிலம் அதே எழுத்துகளைத் தன் போக்கில் ‘டர்னர்’ என்று படித்தது. நாம் ஆங்கிலத்திலிருந்து எடுத்ததால் அதையே ஒரு குடும்பப் பெயர் என்று நம்பிவிட்டோம்.

இரண்டாவது வகைத் தவறும் உண்டு. ‘டர்னர் தொழிலாளர்கள்’, ‘கடைசல் தொழிலாளர் சங்கம்’ என்று எழுதுவது. இதற்குக் காரணம் நம் ஐடிஐக்கள். ஃபிட்டர், டர்னர், வெல்டர் என்ற வரிசை காதில் ஊறிய தமிழருக்கு டர்னர் என்றாலே லேத்தில் நிற்பவர்தான். ஆங்கிலத்தில் அது சரி. ஜெர்மனில் மரம் கடைபவர் ‘டிரெக்ஸ்லர்’, இரும்பு கடைபவர் ‘டிரேயர்’. டுர்னர் என்ற சொல் கடைசல் பட்டறைப் பக்கமே போகாது. வேடிக்கை என்னவென்றால், சிகாகோவில் அந்த மண்டபங்களில் கூடியவர்களில் மரச்சாமான் செய்பவர்கள் ஏராளம். அவர்களில் உண்மையான கடைசல்காரர்களும் இருந்திருப்பார்கள். தவறான மொழிபெயர்ப்பு இப்படிப் பாதி உண்மைபோலத் தோன்றிவிட்டால் அதைப் பிடுங்கி எறிவது கடினம்.

சொல்லின் பிறப்பைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். கிரேக்கத்தில் ‘டோர்னோஸ்’ என்பது தச்சர் வட்டம் போடும் கருவி, கடைசல் பொறி. அதிலிருந்து லத்தீன் ‘டோர்னாரே’, கடைவது, திருப்புவது. ஆங்கில ‘டர்ன்’, ‘டூர்’, ‘டோர்னமென்ட்’ எல்லாம் இந்தக் கொடிதான். ஃபிரீட்ரிஷ் லூட்விக் யான் என்பவர் 1811இல் பெர்லினை ஒட்டிய ஹாசென்ஹைடேயில் திறந்தவெளி உடற்பயிற்சிக் களம் ஒன்றை அமைத்தார். நாம் ‘சிங்கிள் பார்’, ‘டபுள் பார்’ என்று சொல்லும் இரண்டையும் பரப்பியவர் அவர். அந்தப் பயிற்சிக்குக் கிரேக்கவழிப் பெயரான ‘ஜிம்னாஸ்டிக்’ வேண்டாம், தூய ஜெர்மன் சொல் வேண்டும் என்று தேடி ‘டுர்னென்’ என்பதைப் பிடித்தார். அது பழைய ஜெர்மானிய வேர் என்பது அவர் நம்பிக்கை. பிற்காலச் சொல்லாய்வாளர்கள் பார்த்தால், அது என்றோ லத்தீனிலிருந்து கடன் வாங்கிய சொல். கிரேக்கத்தை வாசலில் துரத்திவிட்டுக் கொல்லைப்புறமாக அதையே உள்ளே அழைத்துக்கொண்ட கதை. நம்மூர்த் தூய்மைவாதிகளுக்கும் இந்த அனுபவம் புதிதல்ல.

இன்னொன்று: கடைசல் பொறியிலிருந்து வந்த வேர் என்பதால் ஐடிஐ டர்னரும் சிகாகோ டர்னரும் தூரத்து உறவுதான். ஆனால் உறவு என்பதற்காக ஒருவர் பெயரில் இன்னொருவருக்கு ரேஷன் அட்டை எழுத முடியாது.

இனி, தமிழில் என்ன சொல்வது?

தனித்தமிழ்ப் பற்றாளர்கள் தரும் சொல் ‘மெய்வல்லுநர் கழகம்’. கேட்க அழகு. பயன்பாட்டில் நிற்காது, மூன்று காரணங்கள். முதலாவது, இலங்கையில் ‘மெய்வல்லுநர் போட்டி’ என்றால் பள்ளிகளில் நடக்கும் ஓட்டம், தாண்டுதல், எறிதல். யாழ்ப்பாணத்து வாசகர் இதைப் படித்தால் சிகாகோத் தொழிலாளர்கள் அஞ்சலோட்டம் ஓடினார்கள் என்றுதான் நினைப்பார். இரண்டாவது, வல்லுநர் என்றால் வல்லமை வாய்ந்தவர். டுர்ன்ஃபெரைனில் சிறுவர் வகுப்பு உண்டு. கம்பியைத் தொட்டே பார்க்காமல் சந்தா கட்டி, பாட்டுக்கும் நாடகத்துக்கும் பீருக்கும் வந்துபோன ஐம்பது வயதுக்காரரும் உண்டு. எல்லாரும் டர்னர்களே. அவர்களை வல்லுநர் என்றால் அவர்களே சிரிப்பார்கள். மூன்றாவது, கழகம். குறளில் அது சூதாடும் இடம். இன்று கட்சி, அல்லது பல்கலைக்கழகம், அல்லது பேருந்துப் பணிமனை. எந்தப் பொருளும் இங்கே பொருந்தவில்லை.

கலைச்சொல் பட்டியல்காரர்கள் ஜிம்னாஸ்டிக்ஸுக்கு வைத்திருக்கும் ‘சீருடற்பயிற்சி’யை எடுத்து, ‘சீருடற்பயிற்சியாளர் மன்றம்’ என்று நீட்டுவோரும் உண்டு. இதில் குழி ‘பயிற்சியாளர்’ என்ற சொல்லில் இருக்கிறது. இன்றைய தமிழில் பயிற்சியாளர் என்றால் பயிற்சி கொடுப்பவர், கோச். பயிற்சி செய்பவர் அல்லர். ஒரு நகரத்தில் ஆயிரக்கணக்கான டர்னர்கள் இருந்தார்கள் என்பதை இந்தச் சொல்லால் எழுதினால், ஆயிரக்கணக்கான கோச்சுகள் இருந்தார்கள், மாணவர்தான் இல்லை என்றாகும். ‘சீர்’ எதைத் தழுவி நிற்கிறது என்பதும் தெளிவில்லை: உடலையா, பயிற்சியையா? மன்றமோ ரசிகர்களுக்கும் நீதிபதிகளுக்கும் ஏற்கெனவே பட்டா போட்டுக் கொடுக்கப்பட்ட இடம்.

இந்தச் சண்டை முழுவதும் தவறான பாதியில் நடக்கிறது என்பதுதான் பெரிய குறை. எல்லாரும் ‘டுர்ன்’ என்ற முன்பாதிக்குத் தமிழ் தேடுகிறார்கள். வரலாற்றில் எடை உள்ளது ‘ஃபெரைன்’ என்ற பின்பாதிக்கு.

சிகாகோவையே பார்க்கலாம். 1848 புரட்சி தோற்றபின் ஜெர்மனியிலிருந்து ஓடிவந்தவர்களில் டர்னர்கள் பலர். யானின் களங்களைப் பிரஷ்ய அரசு 1820 முதல் 1842 வரை தடைசெய்து வைத்திருந்ததால் உடற்பயிற்சியே அங்கே எதிர்ப்பின் அடையாளமாகிப்போனது. அவர்கள் சின்சினாட்டியில் 1848இலேயே சங்கம் தொடங்கினார்கள். 1850இல் தொடங்கிய நாடு தழுவிய கூட்டமைப்புக்கு விரைவிலேயே ‘சோஷலிஸ்ட் டர்னர் கூட்டமைப்பு’ என்றே பெயரிட்டார்கள். சிகாகோ அவர்களுடைய பெரிய ஊர்களில் ஒன்று; 1900இல் அந்நகரத்தில் நான்கில் ஒருவர் ஜெர்மனியில் பிறந்தவர் அல்லது அங்கே பிறந்த பெற்றோரின் பிள்ளை. ரொட்டி சுடுபவர், பீர் வடிப்பவர், சுருட்டு உருட்டுபவர், அலமாரி செய்பவர் என்று தொழில்கள் ஜெர்மன் பேசின. வாடகை அறையில் கூட்டம் போட இடமில்லாத தொழிற்சங்கத்துக்கு டுர்ன்ஃபெரைன் கட்டடம் இருந்தது. பெரிய கூடம், ஒரு முனையில் மேடை, பயிற்சி முடிந்ததும் கம்பிகளையும் தாண்டும் குதிரையையும் ஓரம் தள்ளிவிட்டால் நூற்றுக்கணக்கானவர் நிற்க இடம். படிப்பறையும் மதுக்கூடமும் பல கட்டடங்களில் உண்டு.

1877 ஜூலை 26 அன்று, ரயில்வே வேலைநிறுத்தம் நகரத்தைப் பற்றி எரிந்துகொண்டிருந்த வாரத்தில், மேற்கு 12ஆம் தெருவில் இருந்த ஃபோர்வெர்ட்ஸ் கட்டடத்தில் மரச்சாமான் தொழிலாளர்கள் முதலாளிகளோடு கூலியும் வேலை நேரமும் பேசிக்கொண்டிருந்தார்கள். போலீஸ் உள்ளே பாய்ந்து தடியாலும் துப்பாக்கியாலும் தாக்கியது. ஒரு தச்சர் இறந்தார். போலீஸ் செய்தது சட்டவிரோதம் என்று 1879இல் நீதிமன்றம் சொன்னது. அன்று தாக்கப்பட்டவர்கள் கம்பியில் தொங்கிக்கொண்டிருந்த விளையாட்டு வீரர்கள் அல்லர். இந்த நிகழ்ச்சியை ‘சீருடற்பயிற்சியாளர் மன்றத்தில் போலீஸ் தாக்குதல்’ என்று எழுதினால் வாசகருக்கு ஏன், எதற்கு என்று ஒன்றுமே விளங்காது. ‘டர்னர் வீட்டு மண்டபத்தில்’ என்றால் கல்யாண மண்டபத் தகராறு.

ஆகவே ஃபெரைன் என்பதற்குச் சரியான சொல் வேண்டும். அதன் உள்ளே ‘ஐன்’ இருக்கிறது; ஒன்று என்று பொருள். ஒன்றாக்குவது ஃபெரைன். அப்படியே தமிழில் ‘ஒன்றியம்’ கச்சிதமாகப் பொருந்தும், ஒரே வார்ப்பு. ஆனால் தமிழ்நாட்டில் ஒன்றியம் என்றால் பஞ்சாயத்து அலுவலகம், இல்லையென்றால் டெல்லி. வேர் பொருந்துவது சொல் பொருந்துவதற்குப் போதாது என்பதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு கிடைக்காது. மிஞ்சுவது ‘சங்கம்’. வடசொல் என்பார்கள். இருக்கட்டும். சந்தா, உறுப்பினர், நிர்வாகிகள், சொந்தக் கட்டடம், கொடி, வேலைநிறுத்தத்தில் தோள்கொடுப்பது, எல்லாம் தமிழ்க் காதில் ஒரே சொல்லாக ஒலிப்பது சங்கம்தான். ஃபிரீட்ரிஷ் யான் செய்ததுபோலத் தூய்மை பார்த்துப் பொருளைக் கோட்டைவிட வேண்டாம்.

எனவே டுர்ன்ஃபெரைன் ‘உடற்பயிற்சிச் சங்கம்’. டர்னர்கள் ‘உடற்பயிற்சிச் சங்கத்தார்’. ‘-ஆர்’ ஈறு செய்யும் வேலையைப் பாருங்கள்: வல்லுநர், பயிற்சியாளர் என்ற தொல்லை ஏதுமில்லாமல், இன்ன கூட்டத்தைச் சேர்ந்தவர் என்று சொல்லி முடித்துவிடுகிறது. டர்னர் ஹால் ‘சங்கக் கூடம்’. முதல் இடத்தில் ‘டுர்ன்ஃபெரைன் எனப்பட்ட ஜெர்மானியர் உடற்பயிற்சிச் சங்கம்’ என்று ஒருமுறை விரித்து எழுதிவிட்டால், பிறகு ‘சங்கம்’ என்றே போகலாம். கட்டடத்தின் தனிப்பெயரை மொழிபெயர்க்கத் தேவையில்லை. ‘ஃபோர்வெர்ட்ஸ் சங்கக் கூடம்’ போதும். அதே கட்டுரையில் தொழிற்சங்கமும் வருமானால் அதைத் தொழிற்சங்கம் என்றே முழுதாக எழுதவேண்டும், இல்லையேல் இரண்டும் குழம்பும். இந்தச் சொல்லின் ஒரே ஆபத்து இதுதான்.

ஆங்கிலத்தில் இந்தச் சிக்கலை முதலில் சந்தித்தவர் கார்ல் பெக். யானின் நூலை மாசசூசெட்ஸில் 1828இல் மொழிபெயர்த்தபோது ‘டுர்ன்’ என்பதைத் தூக்கி வைத்துவிட்டு ‘ஜிம்னாஸ்டிக்ஸ்’ என்றே போட்டார். பயிற்சி நூலுக்கு அது சரி; அங்கே பேச்சு கம்பியைப் பற்றியது. இருபது ஆண்டு கழித்து வந்தவர்கள் கொண்டுவந்தது சங்கம். அவர்கள் தங்கள் பெயரை மொழிபெயர்க்க விடாமல் டர்னர் என்றே வைத்துக்கொண்டார்கள். மொழிபெயர்ப்பாளர் முதலில் கேட்கவேண்டிய கேள்வி இது: இந்த வரியில் பேச்சு கம்பியைப் பற்றியதா, கூட்டத்தைப் பற்றியதா?

அந்தக் கேள்வியைக் கேட்பவர்கள் குறைவு. ஜெர்மன் பெயர்களை ஆங்கிலம் வழியாகவே வாங்கி, ஆங்கிலம் படிக்கும் விதத்திலேயே எழுதிவிடுகிறோம். ஹேமார்க்கெட் வழக்கில் தூக்கிலிடப்பட்ட ஆகஸ்ட் ஸ்பீஸ் ஆசிரியராக இருந்த சிகாகோ நாளிதழ் ‘அர்பீட்டர் ஜெய்டங்’ ஆகிவிட்டது. ஜெர்மனில் அது ‘ஆர்பைட்டர் ட்சைட்டுங்’, தொழிலாளர் செய்தித்தாள். 1875இல் சிகாகோவின் ஜெர்மானியத் தொழிலாளர்கள் தொடங்கிய ‘லேர் உண்ட் வேர் ஃபெரைன்’ தமிழில் ‘ஆயுதக் குழு’ என்றே வருகிறது. லேர் கற்பிப்பது, வேர் காப்பது; எதுகைக்காகவே இணைத்த பெயர். தமிழிலும் ‘கற்பு, காப்பு’ என்று அதே ஓசை கிடைக்கும், ஆனால் கற்புக்கு இன்று வேறு பொருள், காப்பு கையில் மாட்டுவது. ‘கல்வி காப்புச் சங்கம்’ என்று ஓசையை விட்டுக்கொடுத்துப் பொருளைக் காக்கலாம். அந்தச் சங்கத்தார் சுமார் 400 பேர் 1879இல் துப்பாக்கியோடு அணிவகுத்தபோது, குதிரையில் முன்னே சென்ற ஹெர்மன் பிரெஸருக்கு 10 டாலர் அபராதம். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய் 1886 ஜனவரியில் தோற்றது. ‘குழு’ என்று எழுதினால் கல்வி என்ற பாதி காணாமல் போய், போலீஸ் தரப்பு வாதமே தமிழில் நிலைத்துவிடுகிறது. சொல் தேர்வு யார் பக்கம் நிற்கிறது என்பதைக் கவனிக்காத மொழிபெயர்ப்பு இப்படித்தான் முடியும்.

சங்கத்தார் ஒருவரையொருவர் சந்திக்கும்போது சொன்ன ‘குட் ஹைல்’ என்ற வணக்கத்துக்கு ஹிட்லர் காலத்து அடிக்குறிப்பு போடுவதும் வேண்டாம். அது பத்தொன்பதாம் நூற்றாண்டு வழக்கம். ‘நலம் பெறுக’ என்பதற்குமேல் அதில் ஒன்றுமில்லை.

கடைசியாக ஓர் எச்சரிக்கை. இந்தச் சங்கக் கூடங்களின் சாமான் பட்டியல்களில் ‘இந்தியன் கிளப்’ என்று வரும். அதை ‘இந்தியர் சங்கம்’ என்று யாராவது எழுதிவிடப்போகிறார்கள். அது கர்லாக்கட்டை. இந்தியாவில் பார்த்ததை வெள்ளைக்கார அதிகாரிகள் இங்கிலாந்துக்குக் கொண்டுபோய், அங்கிருந்து அமெரிக்காவுக்குச் சென்றது. 1904 செயின்ட் லூயிஸ் ஒலிம்பிக்கில் கர்லா சுற்றுவது ஒரு போட்டியாகவே இருந்தது. வென்றவர் கிளீவ்லாந்து உடற்பயிற்சிச் சங்கத்தாரான எட்வர்ட் ஹென்னிக். அவருடைய சங்கத்தின் பெயரும் ஃபோர்வெர்ட்ஸ்தான்.