எம்டன்: கப்பலா, ஆளா?

"அவர் சரியான எம்டன்" என்றால் ஆளிடம் கொஞ்சம் ஜாக்கிரதை என்று அர்த்தம். கண்டிப்பான அப்பாவும் எம்டன்தான், ஊரையே ஏய்க்கும் தந்திரக்காரனும் எம்டன்தான். மலையாளத்தில் இது 'எமண்டன்' ஆகி, பிரம்மாண்டமான எதையும் குறிக்கிறது.

எம்டன் ஜெர்மனியில் ஒரு துறைமுக ஊர். முதல் உலகப் போரில், அதன் பெயர் தாங்கிய ஜெர்மன் போர்க்கப்பல் 1914 செப்டம்பர் 22 இரவு சென்னைக்கு வந்து பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகளைச் சுட்டது. அரை மணி நேரம்கூட இல்லை, ஆனால் மூட்டை முடிச்சோடு ஊரைவிட்டுக் கிளம்பியவர்கள் ஏராளம். சொல்லில் இருக்கும் பயம் அந்த இரவில் வந்தது. தந்திரம் வேறு விஷயம். மூன்று புகைபோக்கிக் கப்பலான எம்டன், நான்காவதாகப் போலி ஒன்றை வைத்துக்கொண்டு ஆங்கிலேயக் கப்பலாக நடித்தது. அந்த வேஷத்தில்தான் பினாங்குத் துறைமுகத்துக்குள் புகுந்து ரஷ்யக் கப்பலை மூழ்கடித்தது.

நவம்பர் 9 அன்று இந்தியப் பெருங்கடலின் கோகோஸ் தீவருகே ஆஸ்திரேலியாவின் 'சிட்னி' என்ற போர்க்கப்பல் அதை மடக்கியது. எம்டனிடம் இருந்தவை 10.5 செ.மீ. பீரங்கிகள், சிட்னியிடம் 15 செ.மீ.க்கும் பெரியவை. (பீரங்கியும் நம் சொல்லல்ல, பறங்கிக்கு உறவு.)

அப்புறம் சினிமா. 'எம்டனை நாம் வீழ்த்திய விதம்' என்று 1915இலேயே ஆஸ்திரேலியர்கள் ஓர் ஊமைப்படம் எடுத்துவிட்டார்கள். 1926இல் ஜெர்மானியர்கள் எடுத்த படத்தின் பெயர் 'நமது எம்டன்'. அந்த 'நாம்' யார், இந்த 'நமது' யாருடையது என்பதில்தான் மொத்தச் சண்டையும். வேடிக்கை என்னவென்றால், 1928இல் கென் ஹால் என்ற ஆஸ்திரேலியர் அந்த ஜெர்மன் படத்தையே எடுத்து, ஆஸ்திரேலியப் பக்கக் காட்சிகளைச் சேர்த்து வெளியிட்டார். இவற்றில் பீரங்கி வாயில் புகை வரும், சத்தம் வராது.

சரி, தமிழில் என்ன சொல்வது? எத்தன் என்றால் தந்திரம் இருக்கிறது, நடுக்கம் இல்லை. வல்லாளகண்டன் என்றால் பலம் இருக்கிறது, சூது இல்லை. கில்லாடி பொருந்தும், ஆனால் அது இந்தியிலிருந்து வந்தது. என்னைக் கேட்டால் எம்டனையே வைத்துக்கொள்ளலாம்.

2006இல் தமிழ்ப் பெயர் வைத்த படங்களுக்கு வரிவிலக்கு என்றதும், 'எம்டன் மகன்' என்ற படம் 'எம் மகன்' ஆனது. பெயர் தமிழாகிவிட்டது, அப்பாவைத்தான் காணோம்.