'சிம்' பண்ணுவது உருவகப்படுத்துவது அல்ல

போன வாரம் அக்கா மகன் கைப்பேசியை என் முன்னால் நீட்டினான். "மாமா, 'இந்தப் போட்டியை உருவகப்படுத்தவும்'னு போட்டிருக்கான். நம்ம உருவக அணியா இது?" ஒன்பதாம் வகுப்பில் அணி இலக்கணம் படிக்கிற பையன் வேறு எப்படிக் கேட்பான்? என்பிஏ 2கே என்ற கூடைப்பந்துக் கணினி விளையாட்டை ஆடுகிறவன். நீண்ட போட்டிப் பருவத்தைச் சீக்கிரம் கடக்க வழி தேடி, தமிழில் இருந்த ஒரு குறிப்பைப் பிடித்திருக்கிறான். அதில் பத்து வரிக்கு ஆறு இடத்தில் உருவகம்.

இந்த மொழிபெயர்ப்பை நான் சந்திப்பது முதல் தடவை அல்ல. விமானப் பயிற்சி, வெள்ள முன்னறிவிப்பு என்று எதைப் பற்றி எழுதினாலும் 'சிமுலேஷன்' வந்துவிட்டால் உருவகப்படுத்தல்தான். அங்கெல்லாம் பேசாமல் இருந்துவிட்டேன். இங்கே அந்தச் சொல் ஒரு பையனை வகுப்பறைக்கே திருப்பி அனுப்பிவிட்டதால் இதை எழுதுகிறேன்.

முதலில் காரியம் என்ன என்று பார்ப்போம். அமெரிக்கக் கூடைப்பந்துத் தொடரான என்பிஏவில் ஓர் அணிக்கு ஒரு பருவத்தில் 82 ஆட்டங்கள். நாமே ஒரு வீரனை உருவாக்கி, அவனாகவே வாழ்ந்து ஆடும் முறை 2009இல் வந்த 2கே10 பதிப்பில் 'மை பிளேயர்' என்று தொடங்கி, இப்போது 'மை கரியர்' என்ற பெயரில் இருக்கிறது. ஓர் ஆட்டத்துக்கு அரைமணி என்று வைத்தாலும் 82 ஆட்டத்துக்கு 41 மணி நேரம் ஆகும். அதுவும் ஒரே பருவத்துக்கு. பள்ளிக்கூடம் போகிற பிள்ளைக்கு இது கட்டுப்படியாகாது. ஆகவே நாட்காட்டியில் ஓர் ஆட்டத்தைத் தேர்ந்து, நாம் ஆடாமலே கணினியை முடிவு சொல்லச் சொல்லலாம். வீரர்களின் திறன் மதிப்பெண், யாருக்கு எத்தனை நிமிடம், யார் எப்படி ஆடுகிற பழக்கம் உள்ளவர் என்பதையெல்லாம் எடுத்துக்கொண்டு, கொஞ்சம் தற்செயலையும் கலந்து அது கணக்குப் போடும். சில நொடிகளில் யார் வென்றார், யார் எத்தனை புள்ளி என்ற பட்டியல் வந்துவிடும். ஆடுகிறவர்கள் இதைத்தான் 'சிம் பண்ணுறது' என்கிறார்கள்.

'சிம்' என்பது 'சிமுலேஷன்' என்பதன் சுருக்கம். அந்தச் சொல்லின் வேர் நீளமானது அல்ல. லத்தீனில் 'சிமிலிஸ்' என்றால் ஒத்தது. 'சிமுலாரே' என்றால் ஒத்ததுபோலச் செய்வது, நடிப்பது. பொய்யாக நடிப்பது என்ற அந்தப் பழைய பொருள் கால்பந்தில் இன்றும் உயிரோடு இருக்கிறது. யாரும் தள்ளாமலே விழுந்து புரண்டால் அதற்குச் 'சிமுலேஷன்' என்றுதான் பெயர், மஞ்சள் அட்டை கிடைக்கும். கணக்குப் போட்டு ஒன்றை ஓடவிட்டுப் பார்ப்பது என்ற பொருள் 20ஆம் நூற்றாண்டின் நடுவில் ஊன்றியது. 1946இல் நோயிலிருந்து தேறிக்கொண்டிருந்த கணிதர் ஸ்தனிஸ்லாவ் உலாம், தனியாக ஆடும் சீட்டாட்டத்தில் வெல்லும் வாய்ப்பைச் சூத்திரத்தால் கண்டுபிடிக்கப் பார்த்தார். அதைவிட நூறு தடவை ஆடி எண்ணிவிடுவது சுலபம் என்று தோன்றியது. அதிலிருந்து வளர்ந்ததுதான், தற்செயலாகப் பலதடவை ஓடவிட்டு எண்ணிப் பார்க்கும் மான்டி கார்லோ முறை. கூடைப்பந்து ஆட்டத்தைச் சிம் பண்ணுவதும் அந்த வம்சம்தான்.

இப்போது உருவகத்துக்கு வருவோம்.

தமிழில் உருவகம் வேலை இல்லாமல் சும்மா கிடக்கும் சொல் அல்ல. 'மதிமுகம்' என்றால் உவமை. 'முகமதி' என்றால் உருவகம். உவமையில் இரண்டு பொருளும் தனித்தனியாக நிற்கும். உருவகத்தில் அந்த வேற்றுமை ஒழிந்து இரண்டும் ஒன்றாகிவிடும். தண்டியலங்காரம் சொல்லும் இலக்கணம் இதுவே, பள்ளிக்கூடத்தில் இன்றும் சொல்லித்தருவதும் இதுவே. சிமுலேஷனுக்கு உயிரே அந்த வேற்றுமைதான். விமானப் பயிற்சிக் கூண்டு விமானம் அல்ல. அல்ல என்பதால்தான் அதில் மோதிப் பழகலாம். இரண்டும் ஒன்றே என்று சொல்கிற சொல்லை, இரண்டும் வேறு என்பதையே அடித்தளமாகக் கொண்ட காரியத்துக்குச் சூட்டினால் அது பொருள் மயக்கத்தோடு நிற்காது, நேர் எதிர்ப்பொருளாகிவிடும்.

'உருவகப்படுத்து' என்றால் உருவம் கொடு என்றுதானே பொருள், அணி இலக்கணத்தை ஏன் இழுக்கிறீர்கள் என்று ஒரு நண்பர் கேட்டார். சரி, உருவம் கொடு என்றே எடுத்துக்கொள்வோம். சிம் பண்ணும்போது எதற்கு உருவம் கிடைக்கிறது? ஆடுகளம் தெரிகிறதா, வீரன் தெரிகிறானா? ஒன்றுமில்லை. நாமே ஆடும்போதுதான் திரையில் உருவம், வியர்வை, கூட்டத்தின் கூச்சல் எல்லாம். சிம் பண்ணினால் எண்கள் மட்டும். எந்தப் பக்கம் திருப்பினாலும் உருவகம் இங்கே பொருந்தவில்லை.

இன்னொரு கூட்டம், "எதுக்கு இவ்வளவு பாடு, 'தவிர்' என்று போட்டால் போதாதா?" என்கிறது. சில காணொளிகளில் 'ஆட்டத்தைத் தாண்டிவிடு' என்றும் சொல்கிறார்கள். இது உருவகத்தைவிடப் பேச்சுக்கு நெருக்கம் என்பதால் எனக்குக் கொஞ்சம் தயக்கம் இருந்தது. ஆனால் தவிர்த்த ஆட்டம் நடக்காத ஆட்டம். கல்யாணத்தைத் தவிர்த்தேன் என்றால் நான் போகவில்லை. ஆட்டத்தைத் தவிர்த்தேன் என்றாலோ ஆட்டமே இல்லாமல் போன தொனி வருகிறது. சிம் பண்ணிய ஆட்டம் நடந்தே தீரும். வெற்றி தோல்வி அட்டவணையில் ஏறும், 82இல் ஒன்று கழியும். என் அக்கா மகன் இப்படித்தான் ஏமாந்தான். 'தாண்டினால்' ஒன்றும் ஆகாது என்று நினைத்து வரிசையாக ஏழு ஆட்டங்களைத் தாண்டினான். ஐந்தில் அவன் அணி தோற்றிருந்தது. அவன் விரல் வேகம் அந்தக் கணக்கில் கிடையாது, அவனுடைய வீரனின் மதிப்பெண் மட்டும்தான் உண்டு என்பதை 'தாண்டு' என்ற சொல் அவனுக்குச் சொல்லவில்லை.

'பாவனை' என்று எழுதுகிறவர்கள் மேல் எனக்கு மரியாதை உண்டு. அழகான சொல், வெகுநாளாகப் புழங்கும் சொல். ஆனால் இலங்கையில் பாவனை என்றால் பயன்பாடு, பாவனையாளர் என்றால் பயன்படுத்துகிறவர். 'பாவனை ஆட்டம்' என்று யாழ்ப்பாணத்துப் பையன் படித்தால் என்னவென்று எடுத்துக்கொள்வான்? தமிழ்நாட்டிலோ பாவனை செய்வது நடிப்பது. அதன் பேச்சு வழக்குத் தம்பி போல 'பாவ்லா' இருக்கிறது. "பாவ்லா காட்டிட்டு உள்ளே பூந்துட்டான்" என்று கூடைப்பந்துத் திடலில் தினமும் கேட்கலாம். எறிவதுபோலப் பந்தைத் தூக்கிக் காட்டி, தடுப்பவனைக் குதிக்கவைத்து, பக்கத்தில் நழுவுவது. கால்பந்தின் போலி விழுகைக்கும் பாவ்லா பிரமாதமாகப் பொருந்தும். லத்தீன் சொல்லின் பழைய பொருளுக்குத் தமிழில் இதைவிட நல்ல சொல் கிடையாது. ஆனால் சிம் பண்ணுவதில் யாரும் யாரையும் ஏமாற்றவில்லையே.

'ஒப்புருவாக்கம்' பொறியியலுக்கு நல்ல சொல். விமானப் பயிற்சிக்கும் வெள்ளக் கணிப்புக்கும் அதையே வைத்துக்கொள்ளலாம். 2கேயை 'சிமுலேஷன் வகை ஆட்டம்' என்று சொல்லும் இடத்திலும் அது சரி. 1993இன் என்பிஏ ஜாம் விளையாட்டைப் போலப் பந்தில் தீப்பற்றாமல், நிஜ ஆட்டத்தை ஒத்திருப்பது என்று அங்கே பொருள். ஆனால் கவனியுங்கள்: அந்த இடத்தில் 'சிமுலேஷன்' என்பது நாம் ஆடும் ஆட்டத்தின் தன்மை. 'சிம் பண்ணு' என்னும்போதோ நாம் ஆடுவதே இல்லை. 2020 மார்ச் 11 அன்று என்பிஏ பருவம் நிறுத்தப்பட்டபோது, பீனிக்ஸ் சன்ஸ் அணி தன் எஞ்சிய ஆட்டங்களை 2கே20இல் நடத்தி நேரலையில் காட்டியது. கையில் கட்டுப்பாட்டுக் கருவி பிடித்து ஆட்கள் ஆடினார்கள். அது ஒப்புருவில் ஆடிய ஆட்டம். அதே பருவத்தின் மிச்சத்தை ஒரு பொத்தானில் கணினியிடம் விட்டிருந்தால் அது வேறு காரியம். ஆங்கிலம் இரண்டையும் ஒரே சொல்லில் போட்டு அடைத்துவிட்டது. அந்தக் குழப்பத்தையும் சேர்த்து நாம் ஏன் இறக்குமதி செய்ய வேண்டும்?

இதுதான் மொழிபெயர்ப்பவர்களிடம் என் மனத்தாங்கல். அகராதியில் முதலில் கண்ணில் பட்ட சொல்லை எடுத்து வைத்துவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுகிறார்கள். அதே குறிப்பில் 'இலவச எறிதல்' என்றும் இருந்தது. கூடைப்பந்தில் எதுவும் இலவசமாகக் கொடுப்பதில்லை. எதிரணி செய்த தவறுக்காக, தடுக்க ஆள் இல்லாமல் எறியும் எறி அது. 'தடையில்லா எறி' என்றால் விதியும் சேர்ந்தே விளங்கிவிடும். எழுதும் முன் ஒரே ஒரு ஆட்டம் பார்த்திருந்தால் இந்தத் தவறு வந்திருக்காது.

என் சொல்: கணித்தோட்டு. கணித்து ஓட்டு என்பதன் புணர்ச்சி. பெயராக்கினால் கணித்தோட்டம். 'ஓட்டு' நம் வீட்டுச் சொல். படத்தில் பாட்டு வந்தால் "ஓட்டிவிடு" என்று எல்லா வீட்டிலும் கேட்கிறோம், நேரத்தைச் சுருக்கும் பொருள் அதிலேயே இருக்கிறது. ஆனால் படத்தை ஓட்டும்போது அந்தப் பாட்டு ஏற்கெனவே எடுத்து வைத்திருப்பது. இங்கே ஓட்டும்போதுதான் முடிவே பிறக்கிறது. அந்த வேறுபாட்டைச் சொல்லத்தான் முன்னால் 'கணித்து'. கணினி கணக்குப் போட்டு நடத்துகிறது, முடிவு நம்மைச் சேரும் என்ற இரண்டு செய்தியும் வந்துவிடுகின்றன. கணிப்பது சோதிடம்போல ஒலிக்காதா என்றால், 'கணினி' என்று சொல்லும்போது யாருக்கும் ஜாதகம் நினைவுக்கு வருவதில்லை.

பேச்சில் 'சிம் பண்ணு' இருந்துவிட்டுப் போகட்டும், அதோடு எனக்குச் சண்டை இல்லை. எழுதும்போது 'இந்த ஆட்டத்தைக் கணித்தோட்டு', 'மூன்று ஆட்டங்களைக் கணித்தோட்டினேன், இரண்டில் தோல்வி' என்று எழுதலாம்.

அக்கா மகனிடம் சொல்லிப் பார்த்தேன். உடனே ஒரு கேள்வி கேட்டான். ஆட்டத்தின் நடுவில் பயிற்சியாளர் நம் வீரனை வெளியே உட்காரவைத்தால், அவன் மறுபடி இறங்கும் வரைக்கும் மட்டும் சிம் பண்ணலாமே, அதற்கு என்ன? "இறங்கும்வரை ஓட்டு," என்றேன். ஆட்டம் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கிறது, எதை ஓட்டுகிறோம் என்று தெரியும், அங்கே 'கணித்து' வேண்டாம். கொஞ்சம் யோசித்துவிட்டு, "அப்போ பொத்தான்ல 'ஓட்டு'ன்னு மட்டும் போட்டா எலெக்‌ஷன் மாதிரி இருக்கும் மாமா, 'இறங்கும்வரை'யையும் சேர்த்தே போடணும்," என்றான். சேர்த்தே போட வேண்டும்.